க்யூடிசி: அளப்பதிலும் பொருள் கொள்வதிலும் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இசிஜி வாசிக்கப் பழகும் இளம் மருத்துவர்கள், வார்டில் மருந்து கொடுக்கும் செவிலியர்கள், மருந்துச்சீட்டைச் சரிபார்க்கும் மருந்தாளுநர்கள், அறிக்கையில் ‘க்யூடிசி 468’ என்று பார்த்துக் கலங்கும் நோயாளிகள் என்று பலரும் திரும்பத் திரும்பக் கேட்டுவரும் ஐயங்களை இங்கே தொகுத்திருக்கிறேன். க்யூடி என்பது இதயத்தின் கீழறைகள் மின்தூண்டல் பெற்று மீள்வதற்கு ஆகும் நேரம்; அதைத் துடிப்பு வேகத்துக்கு ஏற்பத் திருத்திய எண் க்யூடிசி. கேள்விகள் கேட்டவர்களின் சொற்களிலேயே உள்ளன. தனியாகக் குறிப்பிடாத இடங்களில் எல்லா அளவுகளும் மில்லிநொடியில், வயதுவந்தோருக்கு உரியவை.

க்யூடி என்பது இசிஜியில் சரியாக எங்கிருந்து எதுவரை?

கீழறைகள் தூண்டப்படும்போது எழும் கூரிய க்யூஆர்எஸ் தொகுப்பின் முதல் அசைவு தொடங்கும் புள்ளியிலிருந்து, அவை மீளும்போது எழும் டி அலை முடிந்து அடிக்கோட்டுக்குத் திரும்பும் புள்ளி வரை. லீடு என்பது இசிஜி இதயத்தைப் பதிவுசெய்யும் ஒவ்வொரு கோணம். க்யூ அலை தென்படாத லீடுகளில் ஆர் அலை எழத் தொடங்கும் இடமே ஆரம்பம். இந்த நேரத்துக்குள் இதயத்தின் கீழறைகள் மின்தூண்டலைப் பெற்று, பிறகு அதிலிருந்து மீண்டு அடுத்த தூண்டலுக்குத் தயாராகின்றன. மீட்சி தாமதமானால் க்யூடி நீளும். ஆபத்தான துடிப்புக் கோளாறுகளுக்கு இடம் கொடுப்பது அந்தத் தாமதம்தான்.

வழக்கமான தாள் நொடிக்கு 25 மில்லிமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. அதில் ஒரு சிறு கட்டம் 40, ஐந்து சிறு கட்டங்கள் கொண்ட பெரிய கட்டம் 200. சில நாடுகளில் 50 மில்லிமீட்டர் வேகம் புழக்கத்தில் உள்ளது. அங்கே ஒரு சிறு கட்டம் 20 மட்டுமே. தாளின் ஓரத்தில் அச்சாகியிருக்கும் வேகத்தைப் பார்க்காமல் கட்டங்களை எண்ணத் தொடங்கினால் எல்லா இடைவெளிகளும் இரு மடங்காகிவிடும்.

க்யூடியை அப்படியே சொன்னால் போதாதா, எதற்கு இந்த ‘சி’?

இதயம் வேகமாகத் துடிக்கும்போது க்யூடி தானாகவே சுருங்குகிறது. மெதுவாகத் துடிக்கும்போது நீள்கிறது. ஆகவே நிமிடத்துக்கு 50 துடிப்பில் எடுத்த 440ஐயும் 100 துடிப்பில் எடுத்த 440ஐயும் ஒன்றாக வைத்துப் பேச முடியாது. முன்னது இயல்பு, பின்னது கவலைக்குரியது. துடிப்பு வேகத்துக்கு ஏற்பத் திருத்தி, ‘இதே இதயம் நிமிடத்துக்கு 60 முறை துடித்திருந்தால் க்யூடி எவ்வளவு இருந்திருக்கும்’ என்று மதிப்பிட்ட எண்ணே க்யூடிசி.

அது மதிப்பீடு என்பதை மறக்க வேண்டாம். க்யூடி தாளில் அளந்தது, க்யூடிசி கணக்கிட்டது. துடிப்பு 60ஐ விட்டு எவ்வளவு விலகுகிறதோ அவ்வளவுக்கு அந்தக் கணக்கின் மீதான நம்பிக்கை குறைகிறது.

மெஷினே க்யூடிசியைப் போட்டுத் தருகிறதே, நான் ஏன் உட்கார்ந்து அளக்க வேண்டும்?

பதிவு தெளிவாக இருந்து, மெஷின் சொல்லும் எண்ணும் இயல்பாக இருந்து, அலைகளைக் கண்ணால் பார்க்கும்போதும் முரண் எதுவும் தெரியாவிட்டால் அளக்க வேண்டியதில்லை. எண் எல்லைக்கு அருகில் இருந்தாலோ, க்யூடியை நீட்டும் மருந்தைத் தொடங்கப்போகிறீர்கள் என்றாலோ, மயங்கி விழுந்து வந்தவரின் இசிஜி என்றாலோ கையால் அளந்தே ஆக வேண்டும்.

மெஷின் பொதுவாக எல்லா லீடுகளின் துடிப்புகளையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, மிக முந்திய தொடக்கத்தையும் மிகப் பிந்திய முடிவையும் எடுத்துக்கொள்கிறது. அதனால் அதன் க்யூடி, நாம் ஒரே லீடில் அளப்பதைவிடச் சற்றுக் கூடுதலாக இருப்பது இயல்பு. டி அலை தட்டையாக இருந்தால், அதற்குப் பின் வரும் சிறு மேடான யூ அலை ஒட்டிக்கொண்டு வந்தால், தசை நடுக்கத்தால் கோடு அதிர்ந்தால், துடிப்பு ஒழுங்கற்று இருந்தால் அது தடுமாறும். உயரமான டி அலையை இன்னொரு க்யூஆர்எஸ் என்று எண்ணித் துடிப்பு வேகத்தையே இரட்டிப்பாக்குவதும் உண்டு. அப்போது க்யூடிசிக்கு அர்த்தமே இல்லை. எனவே க்யூடிசியைப் படிக்கும் முன் மெஷின் சொல்லும் துடிப்பு வேகத்தை நாடியோடு ஒப்பிடுங்கள்.

மனிதக் கண்ணும் தவறாதது அல்ல. 2005இல் வெளியான ஒரு பன்னாட்டு ஆய்வில், நீண்ட க்யூடியையும் இயல்பான க்யூடியையும் பிரித்துச் சொல்லுமாறு கேட்டபோது, இதயநோய் மருத்துவர்களிலேயே பெரும்பாலோர் எல்லா இசிஜிகளையும் சரியாக வகைப்படுத்தவில்லை. முறையை ஒருமுறை ஒழுங்காகக் கற்றுக்கொண்டு, ஒவ்வொரு முறையும் அதையே பின்பற்றுவதுதான் இதற்கு மருந்து.

பன்னிரண்டு லீடு இருக்கிறது, எதில் அளப்பது?

லீட் 2 அல்லது வி5. இந்த இரண்டிலும் டி அலையின் முடிவு பெரும்பாலும் தெளிவாகத் தெரியும். இயல்பு எல்லைகள் குறித்த அனுபவமும் இவற்றை ஒட்டியே வளர்ந்தது. வி2, வி3 லீடுகளில் யூ அலை தூக்கலாக இருப்பதால் அங்கே க்யூடி உண்மையைவிட நீளமாகத் தோன்றக்கூடும். மூன்று முதல் ஐந்து துடிப்புகளை அளந்து சராசரி எடுங்கள். எந்த லீடில் அளந்தீர்கள் என்று குறித்துவையுங்கள். அடுத்த வாரம் வேறொருவர் வேறொரு லீடில் அளந்துவிட்டு ‘30 கூடிவிட்டது’ என்று எழுதுவதை அது தடுக்கும்.

டி அலை எங்கே முடிகிறது என்றே தெரியவில்லை. சரிந்துகொண்டே போய்க் கோட்டில் கலந்துவிடுகிறது. என்ன செய்வது?

க்யூடி அளவீட்டின் முழுச் சிரமமும் இந்த ஒரு புள்ளியில்தான் இருக்கிறது. இதற்கு லெபெஷ்கினும் சுராவிட்ஸும் 1952இல் முன்வைத்த தொடுகோட்டு முறை இன்றும் கைகொடுக்கிறது. டி அலையின் இறங்குமுகத்தில் சரிவு மிகச் செங்குத்தாக இருக்கும் பகுதியைத் தொட்டபடி ஒரு நேர்கோடு வரையுங்கள். அந்தக் கோடு அடிக்கோட்டை வெட்டும் இடமே டி அலையின் முடிவு. அடிக்கோடாக, டி அலைக்கும், அடுத்த துடிப்பைத் தொடங்கும் பி அலைக்கும் இடையே உள்ள சமதளப் பகுதியைக் கொள்ளுங்கள். சரிவின் வால்பகுதி அதற்கு அப்பாலும் நீண்டுகொண்டிருக்கும், அதை விட்டுவிடலாம். இதனால் இம்முறையில் கிடைக்கும் எண், வால் முடியும் இடம்வரை அளப்பதைவிடச் சற்றுக் குறைவாகவே வரும். இரண்டில் எதைப் பின்பற்றினாலும் ஒரே நோயாளிக்கு மாற்றாதீர்கள்.

டி அலைக்குப் பிறகு சிறியதாக, தனியாக ஒரு மேடு தெரிந்தால் அது யூ அலை. அதைக் கணக்கில் சேர்க்கக் கூடாது. டி அலையே இரண்டு சிகரங்களுடன் வந்தால் இரண்டாவது சிகரமும் டி அலையைச் சேர்ந்ததே, அதையும் சேர்த்து அளக்க வேண்டும். இரண்டையும் எப்படிப் பிரிப்பது என்பதில்தான் பலரும் திணறுகிறார்கள். இரண்டாவது மேடு பெரியதாக, முதல் மேடு அடிக்கோட்டுக்கு இறங்குமுன்பே எழுந்தால், அதைப் பிளவுபட்ட டி அலை என்று கருதுவது பாதுகாப்பானது. முதல் மேடு கோட்டைத் தொட்டபின் சிறு அலையாக வந்தால் யூ அலை. அப்படியும் பிடிபடாவிட்டால் அதே நேரத்தில் பதிவான மற்ற லீடுகளைப் பாருங்கள். யூ அலை மங்கியிருக்கும் ஏவிஎல் போன்ற லீடில் டி அலை எங்கே முடிகிறது என்பது பெரும்பாலும் வழிகாட்டிவிடும். எங்கும் பிரிக்க முடியவில்லை என்றால் ‘டியும் யூவும் கலந்துள்ளன’ என்று எழுதுங்கள். அதுவே ஒரு முக்கியமான செய்தி, பொட்டாசியத்தைப் பார்க்கச் சொல்லும் செய்தி.

கணக்கை ஒருமுறை செய்து காட்டுங்களேன்.

லீட் 2இல் க்யூடி சரியாக 10 சிறு கட்டங்கள், அதாவது 400. அளந்த துடிப்புக்கு முந்தைய ஆர்ஆர் இடைவெளி (ஓர் ஆர் அலையிலிருந்து அடுத்த ஆர் அலை வரை) 20 சிறு கட்டங்கள், அதாவது 800 அல்லது 0.8 நொடி. துடிப்பு வேகம் 75. பாசெட் சூத்திரம் க்யூடியை ஆர்ஆரின் வர்க்கமூலத்தால் வகுக்கச் சொல்கிறது. 0.8இன் வர்க்கமூலம் 0.894, 400ஐ அதனால் வகுத்தால் 447. ஆர்ஆரை நொடியில் போட வேண்டும் என்பதை மட்டும் மறக்காதீர்கள்.

இதே தாளில் டி அலையின் முடிவை ஒரே ஒரு சிறு கட்டம் தள்ளி வைத்திருந்தால் க்யூடி 440, க்யூடிசி 492. ஒரு மில்லிமீட்டர் தள்ளிப்போனதில் இயல்பானவர் ஆபத்துப் பட்டியலுக்கு வந்துவிட்டார். ‘க்யூடிசி 447’ என்று மூன்று இலக்கத்தில் எழுதும்போது கடைசி இலக்கத்துக்கு நாம் தரும் மரியாதை பெரும்பாலும் அதற்கு உரியதல்ல.

பாசெட், ஃப்ரிடெரிசியா, ஃப்ரேமிங்காம், ஹாட்ஜஸ் என்கிறார்கள். எதைப் பயன்படுத்துவது?

பாசெட்டும் ஃப்ரிடெரிசியாவும் 1920இல் தனித்தனியே வெளியானவை. இன்று நாம் எழுதும் பாசெட் வடிவம், 1947இல் டரானும் சிலாகியும் மாற்றியமைத்தது. ஃப்ரிடெரிசியாவில் வர்க்கமூலத்துக்குப் பதில் கனமூலம். 1983இல் வந்த ஹாட்ஜஸ் சூத்திரம், துடிப்பு 60க்கு மேல் கூடும் ஒவ்வொன்றுக்கும் 1.75ஐ க்யூடியோடு கூட்டச் சொல்கிறது. 1992இல் வந்த ஃப்ரேமிங்காம் சூத்திரத்தில், 1 நொடியிலிருந்து ஆர்ஆரைக் கழித்து, வந்ததை 154ஆல் பெருக்கிக் க்யூடியோடு கூட்ட வேண்டும். துடிப்பு 60 என்றால் நான்கும் ஒரே விடையைத் தரும். 60 முதல் 80 வரை பெரிய வேறுபாடு இராது.

வேறுபாடு விளிம்புகளில்தான் வெடிக்கிறது. காய்ச்சலில் 110 துடிப்போடு இருப்பவரின் க்யூடி 340 என்று வைத்துக்கொள்வோம். பாசெட் 460 என்கிறது. ஃப்ரிடெரிசியா 416, ஃப்ரேமிங்காம் 410, ஹாட்ஜஸ் 428. எதிர்ப்பக்கம், 45 துடிப்பில் க்யூடி 520 என்றால் பாசெட் 450 என்று ஆறுதல் சொல்கிறது, ஃப்ரிடெரிசியா 472 என்று எச்சரிக்கிறது. வேகமான துடிப்பில் பாசெட் மிகைப்படுத்துகிறது, மெதுவான துடிப்பில் குறைத்துக் காட்டுகிறது. இரண்டாவதுதான் எனக்குக் கூடுதல் அச்சம் தருவது, ஏனெனில் மெதுவான துடிப்பே டோர்சாட் என்னும் ஆபத்தான கீழறைத் துடிப்புக் கோளாறுக்கு வழிவிடும் சூழல்.

ஆகவே துடிப்பு 60க்குக் கீழோ 90க்கு மேலோ இருந்தால் பாசெட்டை மட்டும் நம்பாதீர்கள். ஃப்ரிடெரிசியாவை அன்றாடப் பழக்கமாக்கிக்கொள்வதே என் பரிந்துரை; மருந்து ஆய்வுகளிலும் புற்றுநோய் சிகிச்சையிலும் அதுவே முன்னுரிமை பெறுகிறது. பாசெட் இன்னும் உயிரோடிருக்கக் காரணம், பல மெஷின்கள் அதையே இயல்பாகக் காட்டுவதும், பிறவி நீண்ட க்யூடி நோயைப் பற்றிய பழைய தரவுகள் பெரும்பாலும் அதில் திரண்டிருப்பதும்தான். எதைக் கையாண்டாலும் எண்ணோடு சூத்திரத்தின் பெயரையும் எழுதுங்கள்.

டி அலை ஆர்ஆரின் பாதிக்குள் முடிந்தால் இயல்பு என்று சொல்லிக்கொடுத்தார்களே, அது போதாதா?

70 முதல் 80 வரையிலான துடிப்பில் அந்த விதி ஓரளவு பொருந்தும். துடிப்பு 70இல் ஆர்ஆரின் பாதி 428. அதுவே க்யூடி என்றால் பாசெட்படி 462. 80இல் பாதி 375, திருத்தினால் 433. ஆனால் 60 துடிப்பில் பாதி என்பது 500. அங்கே 490 உள்ளவரும் ‘பாதிக்குள்’ வந்து தேறிவிடுவார். 100 துடிப்பில் பாதி 300, திருத்தினால் 387 மட்டுமே. அங்கே நலமானவர்கள் பலர் தோற்றுப்போவார்கள். மெதுவான துடிப்பில் இதை நம்பவே கூடாது.

எத்தனைக்கு மேல் போனால் நீளம்? ஆளுக்கு ஒரு எண் சொல்கிறார்களே.

எண்கள் மாறுவதற்குக் காரணம், அவை வெவ்வேறு கேள்விகளுக்கு விடை என்பதே. இசிஜி அறிக்கையில் ‘நீண்டது’ என்று எழுத, அமெரிக்க இதயவியல் அமைப்புகளின் 2009 பரிந்துரை ஆண்களுக்கு 450, பெண்களுக்கு 460 என்று எல்லை வகுத்தது. மருத்துவமனையில் டோர்சாட்டைத் தடுப்பது பற்றிய 2010 அறிக்கை, நலமானவர்களில் நூற்றுக்கு 99 பேர் அடங்கும் எல்லையாக ஆண்களுக்கு 470, பெண்களுக்கு 480 என்று கொண்டது. பிறவி நோயை உறுதிசெய்ய ஐரோப்பிய வழிகாட்டிகள், திரும்பத் திரும்ப எடுத்த இசிஜிகளில் 480 அல்லது அதற்கு மேல் இருக்கக் கேட்கின்றன. 500ஐத் தாண்டினால் ஆண் பெண் வேறுபாடின்றி எல்லோரும் ஆபத்து என்றே கொள்கிறார்கள்.

எனவே முதலில் கேட்ட 468 எண்ணுக்கு விடை: ஆணானால் 2009 எல்லையைத் தாண்டியது, 2010 எல்லைக்குள் நிற்பது. நோய் என்று சொல்ல அது போதாது. மறுபடி அளக்கவும், மருந்துப் பட்டியலைப் பார்க்கவும், முந்தைய இசிஜியைத் தேடவும் அது போதும்.

பெண்களுக்கு மட்டும் ஏன் கூடுதல் எல்லை?

பருவமடையும் வரை இருபாலருக்கும் க்யூடிசி ஏறக்குறைய ஒன்றே. அதன்பின் ஆண்களில் டெஸ்டோஸ்டிரோன் மீட்சியை விரைவுபடுத்துவதால் அவர்களுடைய க்யூடிசி சுருங்குகிறது. எல்லை கூடுதல் என்பதால் பெண்களுக்குப் பாதுகாப்பு கூடுதல் என்று பொருளில்லை. மருந்தால் வரும் டோர்சாட் பெண்களிடமே அதிகம்.

ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் உள்ளவருக்கு ஆர்ஆர் ஒவ்வொன்றும் ஒரு மாதிரி. எதைப் போடுவது?

இந்நோயில் மேலறைகள் ஒழுங்கின்றித் துடிப்பதால் ஆர்ஆர் மாறிக்கொண்டே இருக்கும். ஒரே ஒரு துடிப்பை வைத்துச் சொல்லாதீர்கள். குறைந்தது 10 துடிப்புகளின் க்யூடியையும் ஆர்ஆரையும் அளந்து சராசரி எடுத்து, அதன்மேல் ஃப்ரிடெரிசியாவைப் போடுவது நடைமுறைக்கு ஏற்றது. நேரமில்லாதபோது, மிகக் குறுகிய ஆர்ஆருக்குப் பின் வரும் துடிப்பின் க்யூடிசியையும் மிக நீண்ட ஆர்ஆருக்குப் பின் வரும் துடிப்பின் க்யூடிசியையும் சராசரியாக்கலாம்.

முந்திவரும் கூடுதல் துடிப்பையும், அதற்குப் பின் இடைவெளி விட்டு வரும் துடிப்பையும் கணக்கில் சேர்க்க வேண்டாம். ஆனால் அந்த இரண்டாவது துடிப்பின் டி அலையை உற்றுப் பாருங்கள். இடைவெளிக்குப் பின் வரும் டி அலை உருமாறிப் பருத்திருந்தால், டோர்சாட் நெருங்குகிறது என்பதற்கான அடையாளம் அது.

பண்டில் பிராஞ்ச் பிளாக் இருந்தாலோ பேஸ்மேக்கர் இருந்தாலோ க்யூடிசி எப்போதும் நீளமாகவே காட்டுகிறதே?

கீழறைகளுக்கு மின்தூண்டலைக் கடத்தும் கிளை அடைபட்டாலோ, பேஸ்மேக்கர் அவற்றைத் தூண்டினாலோ க்யூஆர்எஸ் அகலமாகிறது; அந்த அகலமும் க்யூடிக்குள் சேர்ந்துவிடுகிறது. மீட்சி தாமதமானதால் வந்த நீளம் அல்ல அது. இடப்பக்கக் கிளை அடைப்புக்கு 2014இல் போகோசியன் குழுவினர் எளிய வழி சொன்னார்கள்: க்யூஆர்எஸ் அகலத்தில் 48.5 விழுக்காட்டைக் க்யூடியிலிருந்து கழியுங்கள். துடிப்பு 75, க்யூடி 460, க்யூஆர்எஸ் 160 என்றால் கழிக்க வேண்டியது 78, மிஞ்சுவது 382. ஃப்ரிடெரிசியாபடி முன்பு 496 என்று நடுங்கவைத்தது இப்போது 412 ஆகிறது.

இன்னொரு வழி, க்யூடியிலிருந்து க்யூஆர்எஸ் முழுவதையும் கழித்து ஜேடி இடைவெளியை மட்டும் பார்ப்பது. அதற்கான எல்லைகள் வேறு. எந்த வழியானாலும், மருந்தைத் தொடங்குமுன் எடுத்த இசிஜியில் அதே வழியில் கணக்கிட்ட எண் கையில் இருப்பது எல்லாவற்றையும்விடப் பயன்தரும்.

போன வாரம் 445, இன்று 465. மருந்துதான் காரணமா?

இருக்கலாம், ஆனால் 20 மில்லிநொடி என்பது அரைக் கட்டம். ஒரே ஆளுக்கு ஒரே நாளிலேயே க்யூடிசி இந்த அளவுக்கு ஏறி இறங்கும், உறக்கத்தில் நீளும். துடிப்பு வேகம் திடீரென்று மாறினால் க்யூடி அதற்கு ஈடுகொடுக்கச் சில நிமிடங்கள் ஆகும். மாடி ஏறி வந்தவரை உடனே படுக்கவைத்து எடுத்த இசிஜியில், துடிப்பும் க்யூடியும் வெவ்வேறு நேரத்துக்கு உரியவையாக இருக்கும். சில நிமிடம் ஓய்வெடுத்தபின், முடிந்தால் அதே மெஷினில், அதே நேரத்தில் எடுங்கள்.

தனி நோயாளியிடம் 60 அல்லது அதற்கு மேல் ஏறினாலோ, மொத்தம் 500ஐத் தாண்டினாலோ மருந்தைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தலாம். புது மருந்துகளின் ஆய்வில் சராசரியாக 5 மில்லிநொடி கூடினாலே அதிகாரிகள் கேள்வி கேட்கிறார்கள் என்று படித்துவிட்டுச் சிலர் குழம்புகிறார்கள். மருந்து ஒழுங்குமுறைகளை நாடுகளிடையே ஒத்திசைக்கும் ஐசிஹெச் அமைப்பின் இ14 வழிகாட்டி சொல்லும் அந்த 5, பலரிடம் கட்டுப்பாட்டோடு அளந்து எடுத்த சராசரி மாற்றத்துக்கானது. ஒரு நோயாளியின் இரண்டு தாள்களுக்கு இடையில் அதைத் தேட முடியாது.

எந்தெந்த மருந்து க்யூடியை நீட்டும்? இவ்வளவு வேறுவேறு மருந்துகள் எப்படி ஒரே வேலையைச் செய்கின்றன?

சோட்டலால், டோஃபெட்டிலைடு, குயினிடின் போன்ற இதயத் துடிப்பு மருந்துகள், ஹாலோபெரிடால், குளோர்ப்ரோமசின், சிட்டலோப்ராம், மெத்தடோன், எரித்ரோமைசின், அசித்ரோமைசின், மாக்சிஃப்ளாக்சசின், ஒண்டான்செட்ரான், டோம்பெரிடோன், ஹைட்ராக்சிகுளோரோகுயின், ஆர்சனிக் ட்ரையாக்சைடு. பட்டியல் இதோடு முடியாது. கிரெடிபிள்மெட்ஸ் தளம் ஆபத்தின் உறுதிக்கேற்ப வகைபிரித்துத் தொடர்ந்து புதுப்பிக்கிறது. இந்த மருந்துகளில் பெரும்பாலானவை ஹெர்க் என்னும் பொட்டாசியம் வாயிலை அடைக்கின்றன. அந்த வாயிலின் உட்புறம் அகன்று இருப்பதால், உருவத்தில் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத மூலக்கூறுகளும் அதில் சிக்கிக்கொள்கின்றன.

மருந்துகள் கூட்டுச் சேர்வதையும் கவனிக்க வேண்டும். ஒவ்வாமைக்குத் தந்துவந்த டெர்ஃபெனடின், கல்லீரலில் உடனுக்குடன் ஃபெக்சோஃபெனடினாக மாறுவதால் தனியாகப் பெரிய தொல்லை தராது. அந்த மாற்றத்தைத் தடுக்கும் கீட்டோகோனசோல் சேர்ந்தபோது, மாறாத டெர்ஃபெனடின் இரத்தத்தில் தேங்கி டோர்சாட்டை வரவழைத்தது. கடைசியில் அந்த மருந்தே சந்தையிலிருந்து போனது; தொல்லை தராத ஃபெக்சோஃபெனடின் நிலைத்துவிட்டது.

அமியோடரோன் எடுப்பவருக்கு 510 வருகிறது, ஆனால் மூத்த மருத்துவர் பதறவில்லையே?

அமியோடரோன் க்யூடியை நன்றாகவே நீட்டும். ஆனால் அதனால் டோர்சாட் வருவது அரிது. கீழறைச் சுவரின் எல்லா அடுக்குகளிலும் அது மீட்சியை ஏறக்குறைய ஒரே சீராகத் தாமதப்படுத்துகிறது. டோர்சாட்டைத் தூண்டும் சோடியம், கால்சியம் மின்னோட்டங்களையும் அதுவே அடக்குகிறது. சோட்டலாலில் 510 என்பதற்கும் இதற்கும் வேறுபாடு உண்டு. அதே நோயாளிக்குப் பொட்டாசியம் குறைந்தாலோ, இன்னொரு க்யூடி மருந்து சேர்ந்தாலோ அந்த அமைதிக்கு இடமில்லை.

க்யூடி நீண்டிருந்தால் அலையின் வடிவத்தைப் பார்த்தே காரணம் சொல்ல முடியுமா?

ஓரளவு முடியும். கால்சியம் குறைந்தால், க்யூஆர்எஸுக்கும் டி அலைக்கும் இடைப்பட்ட எஸ்டி பகுதி தட்டையாக நீண்டு, அதன் முடிவில் இயல்பான டி அலை வரும். பொட்டாசியம் குறைந்தால் டி அலை தாழ்ந்து யூ அலை உயரும். அளவுக்கு மிஞ்சிய நீளம் பெரும்பாலும் யூ அலையையும் சேர்த்து அளந்ததால் வருவது. பிறவி நீண்ட க்யூடி நோயின் மரபணு வகைகளில் (அடுத்த கேள்வியில் வருபவை), முதல் வகையில் டி அலை அகன்ற அடியோடும், இரண்டாம் வகையில் தாழ்ந்து பிளவுபட்டும், மூன்றாம் வகையில் நீண்ட தட்டைக் கோட்டுக்குப் பின் தாமதமாகவும் வரும். விதிவிலக்குகள் நிறைய.

என் அண்ணனுக்குப் பிறவி நீண்ட க்யூடி என்கிறார்கள். என் க்யூடிசி 440. எனக்கு இல்லை என்று நிம்மதியாக இருக்கலாமா?

இந்த ஒரு எண்ணை வைத்து இருக்க முடியாது. மரபணு மாற்றத்தைச் சுமப்பவர்களில் கணிசமானோருக்கு ஓய்வில் எடுத்த இசிஜியில் க்யூடிசி இயல்பாகவே இருக்கும். அண்ணனிடம் குறிப்பிட்ட மாற்றம் கண்டறியப்பட்டிருந்தால் அதே மாற்றம் உங்களிடம் உள்ளதா என்று சோதிப்பதே நேரான வழி. இல்லாவிட்டால் உடற்பயிற்சிச் சோதனை உதவும். பயிற்சியை நிறுத்திச் சில நிமிடங்களுக்குப் பின் க்யூடிசி இயல்புக்கு மாறாக நீள்வதைப் பார்ப்பார்கள்.

எந்தச் சூழலில் மயக்கம் வந்தது என்பதையும் மருத்துவரிடம் சொல்லுங்கள். கேசிஎன்க்யூ1 மரபணு சார்ந்த முதல் வகையில் உடலுழைப்பும் நீச்சலும், கேசிஎன்ஹெச்2 சார்ந்த இரண்டாம் வகையில் அலார ஒலி போன்ற திடீர்ச் சத்தமும், எஸ்சிஎன்5ஏ சார்ந்த மூன்றாம் வகையில் ஓய்வும் உறக்கமும் தூண்டுதலாக அமைவது வழக்கம். குடும்பத்தில் வலிப்பு என்று முத்திரை குத்தப்பட்டவர், காரணம் தெரியாமல் நீரில் மூழ்கியவர், பிறவியிலேயே காது கேளாதவர் யாரேனும் இருந்தால் அதையும் விடாமல் சொல்லுங்கள்.

க்யூடிசி குறைவாக இருந்தால் நல்லதுதானே?

ஓர் எல்லைவரைதான். 2022 ஐரோப்பிய வழிகாட்டி, 360 அல்லது அதற்குக் கீழ் இருந்து, கூடவே மரபணு மாற்றம், குடும்ப வரலாறு, இதயம் நின்று மீண்ட வரலாறு போன்ற ஒன்றும் இருந்தால் குறுகிய க்யூடி நோய் என்கிறது. 320 அல்லது அதற்குக் கீழ் என்றால் வேறு துணைச் சான்று இல்லாமலும் அதை எண்ணிப் பார்க்கச் சொல்கிறது. முதலில் இரத்தக் கால்சியம் கூடியிருக்கிறதா, டிகாக்சின் எடுக்கிறாரா என்று பாருங்கள்.

இரவு வேளை. மெஷின் 528 என்கிறது. நோயாளி எழுந்து உட்கார்ந்து பேசுகிறார். எங்கே தொடங்குவது?

கையால் அளப்பதில் தொடங்குங்கள். அதற்கு இரண்டு நிமிடம் போதும். துடிப்பு வேகத்துக்கும் க்யூஆர்எஸ் அகலத்துக்கும் மேலே சொன்ன திருத்தங்களைச் செய்தபின்னும் 500க்கு மேல் நின்றால் மானிட்டரில் இணைத்து, டிஃபிப்ரிலேட்டரை அருகில் கொண்டுவரச் சொல்லுங்கள். மருந்துப் பட்டியலில் நீட்டும் மருந்தின் அடுத்த வேளையை நிறுத்திவைத்து, பொறுப்பு மருத்துவரை அழையுங்கள். பொட்டாசியம், மெக்னீசியம், கால்சியம், சிறுநீரகச் செயல்பாடு ஆகியவற்றுக்கு இரத்தம் எடுங்கள். பொட்டாசியத்தை ‘இயல்பு’ என்று விட்டுவிடாமல் லிட்டருக்கு 4 மில்லிமோலுக்கு மேலேயே வைத்திருப்பார்கள்.

டோர்சாட் வந்துவிட்டால் நாளம் வழியாக 2 கிராம் மெக்னீசியம் சல்பேட். இரத்த மெக்னீசியம் இயல்பாக இருந்தாலும் கொடுக்க வேண்டும். நாடி இல்லையென்றால் உடனே மின்னதிர்ச்சி. மெதுவான துடிப்பும் இடைவெளிகளும் அதைத் தூண்டிக்கொண்டே இருந்தால் தற்காலிக பேஸிங்கால் துடிப்பை உயர்த்துவார்கள். ஐசோப்ரினலினும் அதற்கு உதவும். ஆனால் பிறவி நோயுள்ளவருக்கு அது தீங்கு செய்யக்கூடும்.

க்யூடிசி 505, ஆனால் மனநல மருந்தை நிறுத்தினால் நோயாளி குலைந்துவிடுவார். இருதலைக்கொள்ளி எறும்பு போல நிற்கிறோமே?

இதற்கு எண்ணில் விடை இல்லை. முதலில், மருந்தைத் தொடாமல் சரிசெய்யக்கூடியவற்றைச் சரிசெய்யுங்கள்: வாந்திக்காகச் சேர்ந்த ஒண்டான்செட்ரான், நெஞ்சுச் சளிக்காகச் சேர்ந்த அசித்ரோமைசின், நீர்மாத்திரையால் இறங்கிய பொட்டாசியம். பல நேரங்களில் 505இல் பாதிக் கதை அங்கேயே இருக்கும். ஹாலோபெரிடால் நாளம் வழியாகப் போகிறதென்றால் வாய்வழி மருந்தைவிட ஆபத்து கூடுதல்; அந்த வழியை மாற்றுவதே ஒரு படி. பிறகு, க்யூடியை மிகக் குறைவாகத் தொடும் அரிப்பிப்ரசோல் போன்ற மாற்று மருந்து அவருக்குப் பொருந்துமா என்று மனநல மருத்துவரோடு பேசுங்கள். மெத்தடோன் எடுப்பவருக்கு ப்யூப்ரினார்ஃபின் அந்த இடத்தில் வரலாம்.

எதுவும் பொருந்தாமல் அதே மருந்தைத் தொடர்வதென்று முடிவானால், முடிவின் காரணத்தையும், நோயாளியிடமும் குடும்பத்தாரிடமும் என்ன சொல்லப்பட்டது என்பதையும் பதிவேட்டில் எழுதுங்கள். அளந்த லீடு, துடிப்பு வேகம், சூத்திரம், அடுத்த இசிஜி எடுக்க வேண்டிய நாள் ஆகியவையும் அதே பக்கத்தில் இருக்கட்டும். மயக்கமோ, திடீர்ப் படபடப்போ வந்தால் அந்த நாளுக்காகக் காத்திராமல் உடனே வரச் சொல்லுங்கள்.